ஒரு நிமிஷம், இன்ஸ்டால் ஆகுது

அண்ணன் வீட்டுக்குப் போனால் காபி வருவதற்கு முன்னால் ஒரு பை வரும். ஜிப் வைத்த, உள்ளங்கை அகலப் பை. திறந்தால் நாலைந்து மெமரி ஸ்டிக், மைக்ரோ எஸ்.டி. கார்டுக்கு மெமரி ஸ்டிக் வேஷம் போட்டுவிடும் ஒரு அடாப்டர், இப்போது எந்தக் கடையிலும் கேட்டவுடன் கிடைக்காத மினி யு.எஸ்.பி. கேபிள், மூக்குக்கண்ணாடி ரிப்பேருக்கு வாங்கிய ஸ்க்ரூ டிரைவர், மருந்துக்கடைக் கவரில் சுற்றிய ஒரு பேட்டரி எல்லாம் இருக்கும். கேம் டிஸ்க் மட்டும் இருக்காது. அவர் பி.எஸ்.பி. வைத்திருப்பது விளையாடுவதற்கு அல்ல.

பி.எஸ்.பி. என்றால் சோனியின் பிளேஸ்டேஷன் போர்ட்டபிள். 2004 டிசம்பரில் ஜப்பானில் பிறந்தது. 2014-ல் சோனி அதை விற்பதை நிறுத்தியது. மெஷினை உள்ளிருந்து ஆட்டிவைக்கும் ஃபர்ம்வேரின் கடைசிப் பதிப்பு 6.61, 2015 ஜனவரியில் வந்தது. அதோடு கம்பெனி கைகழுவிவிட்டது. அண்ணன் கழுவவில்லை. ஆபீஸிலிருந்து வந்து, லுங்கிக்கு மாறி, சாப்பாட்டு மேஜையின் ஓரத்தில் லேப்டாப்பை விரித்தால், அன்றைக்கும் அந்த மெஷினுக்கு ஏதாவது ஒன்று இன்ஸ்டால் ஆகிக்கொண்டிருக்கும்.

இந்த ஆசாமிகள் ஊருக்கு ஊர் உண்டு. நான் சொல்வது எங்கள் தெருக்காரரைத்தான். படிக்கும்போது உங்கள் அத்திம்பேரோ, ஆபீஸில் இரண்டு மேஜை தள்ளி உட்காருபவரோ ஞாபகத்துக்கு வந்தால் நான் பொறுப்பல்ல. அண்ணனுக்கு வயது நாற்பதைத் தாண்டிவிட்டது. பகலில் இன்ஷூரன்ஸ் வேலை. அடுத்தவர் ஆயுளைப் பற்றி அவ்வளவு நிதானமாகப் பேசுகிறவர், ஒரு மெமரி ஸ்டிக்கின் ஆயுளைப் பற்றிப் பேசும்போது மட்டும் தழுதழுப்பார்.

வீட்டில் ஒரு பழைய பி.எஸ்.பி. கிடக்கிறது என்று அவரிடம் வாய்தவறிச் சொல்லிவிட்டால் போச்சு. பேசிக்கொண்டிருந்த கல்யாணம், கார்ப்பரேஷன் தண்ணீர், எல்லாம் அப்படியே நிற்கும்.

“மாடல் என்ன? ஆயிரமா, ரெண்டாயிரமா, மூவாயிரமா?”

“ரெண்டாயிரம்னு நினைக்கிறேன்ணே.”

“போர்டு?”

போர்டு என்றால் உள்ளே இருக்கும் மதர்போர்டு. அதில் டி.ஏ. 088 வெர்ஷன் 3 என்று ஒன்று உண்டு. 2000 மாடலில் பிந்தி வந்தவற்றில் சோனி நுழைத்தது. பழைய வித்தை எதுவும் அதனிடம் பலிக்காது. நமக்கோ நம் ரத்த வகையே சட்டென்று ஞாபகம் வராது. “பாக்கலைண்ணே” என்றால், பெண் பார்க்கப் போய் நட்சத்திரம் கேட்காமல் திரும்பியவனைப் பார்ப்பதுபோல ஒரு பார்வை பார்ப்பார்.

அவருடைய வரலாற்று ஞானம் தனி. ஆரம்பத்தில் வந்த 1.00 ஃபர்ம்வேர், யார் எழுதின ப்ரோக்ராம் என்று பார்க்காமல் எதையும் ஓட்டியது. 1.50-ல் சோனி விழித்துக்கொண்டு, தன் முத்திரை இல்லாதது ஓடாது என்று கதவைச் சாத்தியது. அந்தக் கதவைத் திறந்து, வீட்டில் உட்கார்ந்து யாரோ எழுதிய ப்ரோக்ராமை ஓட வைப்பதுதான் ஹோம்ப்ரூ. 2005-ல் முதலில் கண்டுபிடித்த வழி கழைக்கூத்து ரகம். இரண்டு மெமரி ஸ்டிக் வேண்டும். ஒன்றைச் சொருகி ப்ரோக்ராமைத் தொட்டு, அது திறக்கிற கணத்தில் அதை உருவி மற்றதைச் சொருக வேண்டும். கொஞ்சம் முந்தினாலும் போச்சு, பிந்தினாலும் போச்சு. அண்ணன் இதைச் சொல்லும்போது காற்றிலேயே உருவிச் சொருகிக் காட்டுவார். அந்த விரல் வேகம் இன்னும் போகவில்லை. பஸ்ஸில் கண்டக்டரிடம் சில்லறை வாங்கும்போதுகூட அதைப் பார்க்கலாம்.

சீக்கிரமே இந்தச் சர்க்கஸ் தேவையில்லை என்று ஆகிவிட்டது. அதற்குப் பதிலாக வேறொரு தலைவலி வந்தது. ஒவ்வொரு ப்ரோக்ராமுக்கும் இரண்டு ஃபோல்டர், அதில் ஒன்று திரையில் ‘கரப்டட் டேட்டா’ என்று பல்லிளிக்கும். ப்ரோக்ராம் என்னவோ நன்றாகத்தான் ஓடும். ஆனாலும் பட்டியலில் அந்த அழுக்குப் பெயர் அண்ணன் கண்ணை உறுத்தும். ஃபோல்டர் பெயரில் கோடும் விழுக்காட்டுக் குறியும் சேர்த்து அதை மறைக்கிற உபாயம் உண்டு. ஒரு முழு கோடை விடுமுறையை அதில் செலவழித்தாராம். ஓடாததை ஓட வைக்கிறவர்கள் உலகத்தில் நிறையப் பேர். ஓடுவதை அழகாக ஓட வைக்க ராத்திரி கண்விழிப்பவர்தான் இந்த ரகம்.

பிறகு கஸ்டம் ஃபர்ம்வேர் காலம். டார்க் அலெக்ஸ் என்ற புனைபெயரில் ஒருவர் 2006 வாக்கில் சோனியின் ஃபர்ம்வேரையே பிரித்து மாற்றிக் கட்டிக் கொடுத்தார். அந்தப் பெயரைச் சொல்லும்போது அண்ணன் கை அனிச்சையாகக் கன்னத்துக்குப் போகும். 2007-ல் வந்தது பண்டோரா பேட்டரி. பி.எஸ்.பி. பேட்டரிக்குள் ஒரு சின்ன சிப்பும், அதில் ஒரு சீரியல் நம்பரும் உண்டு. அந்த நம்பரைக் குறிப்பிட்ட விதமாக மாற்றிவிட்டால், சர்வீஸ் சென்டர்க்காரர்களின் பேட்டரிதான் வந்திருக்கிறது என்று நம்பி மெஷின் அவர்களுக்கான வாசலைத் திறந்துவிடும். செத்த மெஷினும் எழுந்து உட்காரும். மருந்துக்கடைக் கவரில் சுற்றி வைத்திருப்பது அதுதான். வீட்டில் யாரும் அதைத் தொடக்கூடாது. ஒருமுறை அண்ணி அதை டி.வி. ரிமோட் பேட்டரிகளோடு டிராயரில் போட்டுவிட்டார் என்பதை அண்ணன் இன்னும் நாலு பேர் முன்னால் சொல்லிக்காட்டுவார்.

3000 மாடல் வந்ததும் பண்டோரா செல்லாக்காசாகிவிட்டது. 2009-ல் அதற்கும் ஒரு வழி பிறந்தது. பெயர் சிக்ஹென். போட்டோ ஃபோல்டருக்குள் ஒரு படத்தைப் போட்டுத் திறக்க வேண்டும். அதை வாசிக்கையில் மெஷின் தடுமாறும், அந்தத் தடுமாற்றத்தில் நம் ப்ரோக்ராம் உள்ளே நுழையும். எல்லா முறையும் நுழையாது. பெரும்பாலும் மெஷின் உறைந்து நிற்கும். மறுபடி ஆன் செய்து மறுபடி முயல வேண்டும். இப்படி நிச்சயமில்லாத ஒன்று கிடைத்தால் சாஸ்திரம் முளைக்காமல் இருக்குமா? வால்பேப்பரை எடுத்துவிடு, சார்ஜரைக் கழற்று, படம் தெரிகிறவரை மூச்சு விடாதே. அண்ணன் கிழக்கு பார்த்து உட்காருவாராம். ஜன்னல் அந்தப் பக்கம் இருந்ததால்தான் என்று விளக்கமும் சொல்வார்.

ஒவ்வொரு ஓட்டையையும் சோனி அடுத்த ஃபர்ம்வேரில் அடைக்கும். புது கேம் டிஸ்க் வாங்கினால் ‘அப்டேட் செய்தால்தான் ஓடுவேன்’ என்று அதுவும் அடம்பிடிக்கும். அந்த வருஷங்களின் பழக்கம் அவர் உடம்பில் ஊறிவிட்டது. போனில், லேப்டாப்பில், வீட்டு வைஃபை பெட்டியில், எதில் ‘அப்டேட் உள்ளது’ என்று வந்தாலும் “யாரும் எதையும் தொடாதீங்க!” என்று பாத்ரூமுக்குள்ளிருந்தே கத்துவார். அண்ணியின் போனில் பேங்க் ஆப் திறக்காமல் போனது இப்படித்தான்.

அந்தக் காலத்தில் சென்னை ரிச்சி ஸ்ட்ரீட்டிலும் பர்மா பஜாரிலும் காசு கொடுத்தால் மெஷினைத் திறந்துவிட்டு, ஸ்டிக் நிறைய கேமும் ஏற்றித் தருவார்கள். போய் நின்றால் டீ குடித்து முடிப்பதற்குள் வேலை முடிந்துவிடும். அண்ணனுக்கு அந்தக் கடைக்காரர்கள் மேல் கடுங்கோபம். “ஏத்தித் தர்றான், சரி. அடுக்கித் தர்றானா?”

அடுக்குவது. அவருடைய உயிர் இருக்குமிடம் அதுதான்.

பி.எஸ்.பி. தானாக எல்லா கேமையும் ஒரே நீளப் பட்டியலாகத்தான் காட்டும். பத்து இருந்தால் பரவாயில்லை. நூற்றுக்கணக்கில் இருந்தால் விரல் வலிக்க உருட்ட வேண்டும். இதற்கென்று ‘கேம் கேட்டகரீஸ்’ என்று ஒரு பிளக்இன் உண்டு. மெமரி ஸ்டிக்கில் ஃபோல்டர் போட்டுப் பிரித்தால், திரையிலும் அப்படியே பிரித்துக் காட்டும். நல்ல பயனுள்ள சமாசாரம், அதை மறுப்பதற்கில்லை. சாதாரண மனிதன் சண்டை, ரேஸ், பந்து என்று மூன்று ஃபோல்டர் போட்டுவிட்டுத் தூங்கப் போவான். அண்ணன் முதலில் வகைப்படி பிரித்தார். பிறகு கம்பெனிப்படி. பிறகு வெளிவந்த வருஷப்படி. பிறகு ‘விளையாட வேண்டியவை’, ‘அவசியம் விளையாட வேண்டியவை’, ‘உடனடியாக விளையாட வேண்டியவை’ என்று. கடைசி ஃபோல்டர் நாலு வருஷமாக அப்படியே இருக்கிறது.

அதோடு விட்டாரா? ஒவ்வொரு கேமுக்கும் திரையில் ஒரு குட்டிப் படம் உண்டு. அகலம் 144 புள்ளி, உயரம் 80 புள்ளி. சில கேம்களின் படம் அவருக்குப் பிடிக்கவில்லை, எழுத்து ஓரமாக இருக்கிறதாம். தானே வரைந்து மாற்றினார். பொண்ணு ஸ்கூல் ப்ராஜெக்டுக்கு ஒரு படம் வரைந்து கொடுக்கச் சொன்னபோது நேரமில்லை என்றவர், தபால்தலை அளவுப் படத்தில் நிழல் எந்தப் பக்கம் விழ வேண்டும் என்று நள்ளிரவில் யோசித்துக்கொண்டிருந்தார்.

அந்தப் படத்தின்மேல் கர்சரை வைத்துக் கொஞ்ச நேரம் நின்றால், பல கேம்களில் பின்னணிப் படம் மாறி, ஒரு துண்டு இசை ஒலிக்கும். அண்ணன் ராத்திரி ஹெட்போனை மாட்டிக்கொண்டு ஒவ்வொரு படமாக நிற்பார். இசை கேட்பார். தலையாட்டுவார். அடுத்ததற்கு நகர்வார். அதுவரைதான். உள்ளே போகிற பட்டனை அமுக்கி நான் பார்த்ததில்லை.

“கொலு வெச்சிருக்கார். எடுத்து விளையாடினா தெய்வக் குத்தம்” என்பார் அண்ணி, காபியை வைத்துக்கொண்டே.

நியாயத்துக்கு ஒன்று சொல்ல வேண்டும். ‘ஹோம்ப்ரூவும் திருட்டு கேமும் ஒன்றுதானே’ என்று யாராவது கேட்டால் அண்ணன் பொங்கிவிடுவார். “அது வேற, இது வேற, தம்பி. பி.டி.எஃப். படிக்கிற ப்ரோக்ராம் எழுதினான் பாரு, அதுக்கு அவன் பத்துப் பைசா வாங்கல. டூம் கேமோட சோர்ஸ் கோடை 1997-ல அவங்களே குடுத்துட்டாங்க. அதை இதுல ஓட்டினது திருட்டா?” அவர் சொல்வது சரி. பி.எஸ்.பி. கேம் வரும் யு.எம்.டி. டிஸ்க் நாளாக நாளாக பிளாஸ்டிக் கூடு பிளந்துகொள்ளும், டிரைவ் கரகரவென்று முனகும். காசு கொடுத்து வாங்கின டிஸ்க்கை ஃபைலாக எடுத்து மெமரி ஸ்டிக்கில் போட்டுக்கொள்வது விவேகம்தான். ஒரே ஒரு சிக்கல். அவரிடமுள்ள டிஸ்க்குகள் ஒரு பிஸ்கட் டப்பாவில் பாதிதான் வரும். ஃபைல்கள் 128 ஜி.பி. கார்டில் கொள்ளவில்லை. இந்தக் கணக்கை நான் எழுப்புவதில்லை. எனக்கு அந்த வீட்டுக் காபி முக்கியம்.

போன விடுமுறையில் என் அக்கா பையன் அவர்கள் வீட்டுப் பரணில் ஒரு பி.எஸ்.பி.யைக் கண்டெடுத்தான். அதைத் தூக்கிக்கொண்டு என்னிடம் வந்துவிட்டான். ஐந்தாவது படிக்கிறவன், விளையாட வேண்டும் என்பதைத் தவிர உள்நோக்கம் எதுவும் கிடையாது. வேறு யாரைத் தெரியும் எனக்கு? அண்ணன் வீட்டுக்குக் கூட்டிப்போனேன்.

“அங்கிள், இதுல விளையாட முடியுமா?”

“விளையாடவா? இதுல நீ என்ன வேணாலும் பண்ணலாம்டா கண்ணா!”

பின்மூடி சரியாக உட்காராமல் தூக்கிக்கொண்டிருந்தது. திறந்து பார்த்து உதட்டைப் பிதுக்கினார். “பேட்டரி மாசமா இருக்கு.” பழைய லித்தியம் பேட்டரி உப்பிவிட்டது. இதைக் குத்தினால் பற்றிக்கொள்ளும் என்று பையனை மூன்றடி தள்ளி நிற்கச் சொல்லிவிட்டு, இரண்டு விரலால் எடுத்து பால்கனிச் சுவரோரம் வைத்தார். அங்கே வடாம் காயவைத்திருந்த அண்ணி, வடாத் தட்டை எடுத்துக்கொண்டு உள்ளே போனார். பையிலிருந்து வேறொரு சாதாரண பேட்டரி வந்தது, பண்டோரா அல்ல. மெஷின் ஆன் ஆயிற்று. செட்டிங்ஸுக்குள் போய் ஃபர்ம்வேரைப் பார்த்தவர் முகத்தில் அப்படி ஒரு மலர்ச்சி.

“6.20! யாருமே கை வைக்காத மெஷின்டா!”

“இப்ப விளையாடலாமா அங்கிள்?”

“ஒரு நிமிஷம்.”

முதலில் சோனியின் 6.61. அதற்கு சார்ஜர் மாட்டியிருக்க வேண்டும், பேட்டரியிலும் போதுமான சார்ஜ் வேண்டும். ஆகவே சார்ஜ் ஏறுகிறவரை காத்திருந்தோம். பிறகு மெமரி கார்டு அசலா போலியா என்ற சோதனை. பி.எஸ்.பி. மெமரி ஸ்டிக்கில் சந்தையில் போலி ஏராளம், அதில் அவர் பயம் நியாயமானது. மேலே ஒரு எண் போட்டிருக்கும், உள்ளே பாதிகூட இருக்காது. அதைக் கண்டுபிடிக்க கார்டு முழுவதும் எழுதி, எழுதினதைத் திரும்பப் படித்துப் பார்க்கிற ஒரு ப்ரோக்ராம் உண்டு. 64 ஜி.பி. கார்டு. பழைய ரீடர். லேப்டாப் திரையில் மீதி நேரம் மணிக்கணக்கில் காட்டியது.

“நாளைக்கு வாங்க” என்றார்.

பையன் என்னைப் பார்த்தான். பல் டாக்டரிடம் கூட்டிப்போய்விட்டு ஐஸ்கிரீம் வாங்கித் தராத மாமாவுக்கு என்ன பார்வை கிடைக்குமோ அது எனக்குக் கிடைத்தது.

மறுநாள் போனபோது அண்ணன் குளித்து, விபூதி இட்டுத் தயாராக இருந்தார். கார்டு அசல்தான். மெஷினுக்குள் வைத்தே ஃபார்மட் செய்தார், லேப்டாப்பில் செய்யக் கூடாதாம். ஆர்க்-4 என்ற கஸ்டம் ஃபர்ம்வேரின் ஃபோல்டர்களை ஒவ்வொன்றாக நகலெடுத்தார். ஒன்று கேம் ஃபோல்டருக்குள் போக வேண்டும், இன்னொன்று சேவ்டேட்டாவுக்குள். மாற்றிப் போட்டால் ஒன்றும் வெடிக்காது, ஒன்றும் நடக்கவும் நடக்காது. லோடரை ஓட்டினார். திரை கறுத்தது. அண்ணன் மூச்சைப் பிடித்துக்கொண்டார். இத்தனை வருஷம் கழித்தும் அந்தக் கறுப்புத் திரையில் அவருக்குக் கல்யாண வயசு திரும்பிவிடுகிறது. மெனு வந்தது. “ஆச்சு!”

“விளையாடலாமா?”

“இருடா. முழுசா ஆஃப் பண்ணிட்டா மறுபடி இதை ஓட்டணும். அதனால ஆஃப் பண்ணாதே, தூங்க வை. என்ன சொன்னேன்?”

“தூங்க வைக்கணும்.”

“சமத்து.”

தன் கேம்களை அந்தக் கார்டில் ஏற்றினார். அடுத்தது கேட்டகரி. பிளக்இன்னை அதற்கான ஃபோல்டரில் போட்டு, ஒரு டெக்ஸ்ட் ஃபைலில் அதன் முகவரியை ஒரு வரி எழுத வேண்டும். எழுதினார். மெஷினை மறுபடி கிளப்பினார். கேட்டகரி வரவில்லை. மறுபடி. வரவில்லை. பையன் சோபாவில் படுத்துவிட்டான். அண்ணன் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி, திரையில் மூக்கு தொடும் தூரத்தில் அந்த ஒற்றை வரியை எழுத்தெழுத்தாக விரல் வைத்துப் படித்தார். பழைய பத்திரத்தில் வில்லங்கம் தேடும் வக்கீல் குமாஸ்தாவுக்குக்கூட அந்தப் பொறுமை இருக்காது. கடைசியில் அகப்பட்டது. ஃபைல் பெயரில் ஒரு எழுத்து விட்டுப்போயிருந்தது. சேர்த்தார். கிளப்பினார். ஃபோல்டர்கள் வரிசையாக இறங்கின.

“பாத்தியா!” என்று என்னைத்தான் உலுக்கினார். எத்தனையோ பேர் எத்தனையோ கேமின் கடைசி ராட்சசனைக் கொன்றிருப்பார்கள். அந்த முகத்தில் இருந்த வெற்றி அதற்குக் குறைந்ததில்லை. விளையாட்டு எங்கே இருக்கிறது என்பதில் மட்டும்தான் அவருக்கும் மற்றவர்களுக்கும் தகராறு.

பையனை எழுப்பினோம். மெஷின் அவன் கைக்குப் போயிற்று. பட்டியலை உருட்டினான், உருட்டினான், உருட்டிக்கொண்டே இருந்தான்.

“அங்கிள், இதுல எது நல்லா இருக்கும்?”

பண்டோரா, சிக்ஹென், போர்டு நம்பர், எது கேட்டாலும் மடமடவென்று வரும் அண்ணனுக்குத் தொண்டை அடைத்தது. விட்டத்தைப் பார்த்தார். அண்ணி சமையலறை வாசலில் வந்து நின்றுகொண்டார், பதிலைக் கேட்க.

“எல்லாமே... நல்லா பூட் ஆகும்டா. ஒண்ணொண்ணா நானே செக் பண்ணியிருக்கேன்.”

பையன் அவனாகவே ஒன்றைத் தேர்ந்தெடுத்தான். ‘படபோன்’. ஒற்றைக் கண் வைத்த கறுப்புக் குட்டி உருவங்கள் வரும். நாம் பட்டனில் தாளம் தட்டினால் அந்தப் படை நடக்கும், தாளத்தை மாற்றித் தட்டினால் சண்டை போடும். முதலில் தப்புத்தப்பாகத் தட்டினான். பிறகு தாளம் பிடிபட்டது. தலை ஆடியது, கால் ஆடியது, படை நடந்தது. அண்ணி கரண்டியோடு வந்து அவன் தோளுக்கு மேலே எட்டிப் பார்த்து, “அட, இது இப்படியெல்லாம் பண்ணுமா?” என்றார்.

அண்ணன் திரையைப் பார்க்கவில்லை. தலையைச் சாய்த்துக் காதை மட்டும் கொடுத்துக்கொண்டிருந்தார். புருவம் சுருங்கியது.

“சத்தம் லேசா விட்டு விட்டு வருதே. கேக்குதா உனக்கு?”

எனக்குக் கேட்கவில்லை.

“இடம் மிச்சமாகும்னு இதை அமுக்கி வெச்சிருந்தேன். அதான். பெரிய ஃபைலா மாத்தி, அப்படியே சி.பி.யு. ஸ்பீடையும் 333-க்குத் தூக்கிட்டோம்னா...” கையை நீட்டினார். “ஒரு நிமிஷம் குடு கண்ணா.”

பையன் எழுந்தான். மெஷினை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டு, மறு கையால் செருப்பைத் தேடினான்.

“மாமா, வீட்டுக்குப் போலாம் வாங்க.”